வலது கைக்குள் காடை

1896-ஆம் ஆண்டு நவ்ரூஸ் புத்தாண்டுப் பண்டிகை முடிந்த இரண்டாவது வியாழக்கிழமை, தெரெக்சாய் நகரத்துக் கோட்டை முற்றத்தில் நடந்த காடைச் சண்டையில் தவ்லத்யார் கானின் காடை வென்றது.

முந்தின வியாழக்கிழமையும் அதுதான் வென்றது. அதற்கும் முந்தின வியாழக்கிழமை மழையால் சண்டையே நடக்கவில்லை. ஆனாலும் அரசவை வரலாற்றாசிரியர் அதையும் வெற்றிக் கணக்கில் சேர்த்துவிட்டார்.

தவ்லத்யார் கான் ஆட்சிக்கு வந்து முப்பத்தோரு வருஷம் ஆகியிருந்தது. இத்தனை காலத்தில் அவர் முகத்தை நேராகப் பார்த்தவர்கள் மிகக் குறைவு. அவர் தெருவில் வந்தால் தலை குனிய வேண்டும். அரசவையில் கம்பளத்தைப் பார்த்தபடி நிற்க வேண்டும். நிமிர்ந்தால் தலை போகும். நாவிதனுக்கு மட்டும் விலக்கு உண்டு. அதுவும் கானின் காது இரண்டு முறை வெட்டுப்பட்ட பிறகு கொடுத்தது. ஆகவே நகரத்தாருக்குத் தெரிந்த கான் ஒரு ஜோடி பூட்ஸ்தான். பச்சைத் தோல், மேல்நோக்கி வளைந்த மூக்கு, இடது காலில் ஒரு விரிசல். அந்த விரிசலை வைத்து கானின் மனநிலையைச் சொல்லிவிடுவதாகப் பெருமை பேசிய பெரிய மனிதர்கள் ஊரில் இருந்தார்கள்.

புதன்கிழமை காலையில் சலாம் என்னும் தர்பார் நடக்கும். கான் மேடையில் உட்கார்ந்திருப்பார். ஒரு வார்த்தை பேச மாட்டார். பேசுவது கௌரவக் குறைவு. வழக்கை வஜீர் எடுத்துச் சொல்வார். கான் இடது கை அங்கியை உயர்த்தினால் தண்டனை, வலது கை அங்கியை உயர்த்தினால் மன்னிப்பு. அங்கியின் கைகள் விரல் நுனியைத் தாண்டி ஒரு முழம் தொங்கும் என்பதால், கம்பளத்தில் விழும் நிழலைப் பார்த்தே கட்டியக்காரர் தீர்ப்பைக் கூவிவிடுவார். கானின் தாத்தா காலத்திலிருந்து இதுதான் முறை.

தவ்லத்யார் காலத்தில் வலது கை எழுவது அபூர்வமாயிற்று. பெரிய மதரஸாவின் தலைமை ஆசிரியர் இதற்கு விளக்கம் எழுதினார்: மறைந்திருப்பதுதான் உண்மையான கருணை. முன்னுக்கு வர நினைத்த இளம் அதிகாரிகள் எல்லோரும் வலது கையை அங்கிக்குள் இழுத்துக்கொண்டு நடமாடத் தொடங்கினார்கள். பிலாவ் விருந்துகளில் இவர்களுக்கு ஊட்டிவிடுவதற்கென்றே தனியாக ஆள் அமர்த்த வேண்டியிருந்தது.

கானின் வலது கைக்குள் இருந்தது காடை.

சண்டைக் காடையை நாளெல்லாம் கைக்குள் வைத்திருக்க வேண்டும். மனிதச் சூடு அதற்குப் பழக வேண்டும். கால்களைக் கட்டைவிரலால் நீவிக்கொண்டே இருக்க வேண்டும். தெரெக்சாயின் தேநீர்க் கடைகளில் உட்கார்ந்திருக்கும் ஆண்களில் பாதிப் பேர் அங்கிக்குள் காடையோடுதான் உட்கார்ந்திருப்பார்கள். கானும் அப்படித்தான். அவருடைய காடையின் பெயர் கொர்கமாஸ், அஞ்சாதவன் என்று அர்த்தம். கையை ஆட்டினால் மிரளும். புதன்கிழமை மிரண்டால் வியாழக்கிழமை சண்டைக்கு நிற்காது.

அந்த இரண்டாவது வியாழக்கிழமை ஒரு சிறு தவறு நடந்தது. தோற்ற காடையை உடனே சமையற்கட்டுக்குக் கொண்டுபோய்விடுவது கோட்டை வழக்கம். அன்று தோற்றது வஜீர் நிஸாமுத்தீனின் காடை. அதற்கு ஓடவும் தெம்பில்லை, பறக்கவும் தெம்பில்லை. விருந்து முடிந்து எழுந்த தாசில்தார் போல மெதுவாக நடந்துவந்து கானின் மடியில் ஏறி உட்கார்ந்துகொண்டது. கான் அதைக் கையில் எடுத்தார். கட்டைவிரல் தானாக அதன் கழுத்தடிக்குப் போயிற்று. இரைப்பை பஞ்சு திணித்த தலையணை போல இறுகியிருந்தது. உள்ளே ஊறவைத்த தினை.

வயிறு நிறைந்த காடை சண்டை போடாது. காடை வளர்க்கும் எவனுக்கும் முதலில் தெரிவது அதுதான்.

கான் சுற்றிலும் பார்த்தார். எல்லோரும் கம்பளத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"நல்ல காடை" என்றார்.

"நல்ல காடை" என்றார்கள் எல்லோரும்.

அன்று மாலை மனைவி குல்சிஃபத்தின் அறையில் பிலாவ் ஆறிக்கொண்டிருந்தது. கான் தொடவில்லை.

"கழுத்து வரைக்கும் தினையைத் திணிச்சு வச்சிருக்கான், குல்சிஃபத்."

"இப்பத்தான் தெரிஞ்சுதா?"

"உனக்கு முன்னாடியே தெரியுமா?"

"அந்தப்புரத்துப் பூனைக்குக்கூடத் தெரியும். வஜீர் வீட்டம்மா எங்கிட்டயே சொல்லிச் சிரிச்சா. கான் காடையால எங்க வீட்டுல வியாழக்கிழமை தினைக்கஞ்சிக்குத் தினை மிஞ்ச மாட்டேங்குதுன்னு."

கான் தட்டைத் தள்ளி வைத்தார்.

"அப்போ நான் சதுரங்கத்துல ஜெயிக்கிறது?"

குல்சிஃபத் ரொட்டியைப் பிய்ப்பதில் கவனமாக இருந்தாள்.

"என் கவிதை?"

"கவிதை நல்லாத்தான் இருக்கு. முதல் வரியை நீங்க சொல்றீங்க. அரசவைப் புலவருங்க அதை அடிச்சிட்டு மிச்சத்தை எழுதுறாங்க."

"முப்பது வருஷமா ஒருத்தர்கூடச் சொல்லலையே!"

"சொன்னவங்களை இடது கையைத் தூக்கி அனுப்பிட்டீங்க. அப்புறம் யாரு சொல்லுவா?"

கான் அங்கிக்குள்ளிருந்து கொர்கமாஸை வெளியே எடுத்தார். அது விளக்கு வெளிச்சத்தில் பளபளத்தது. "நாட்டைப் பத்தி நான் கேக்கல. கவிதை, சதுரங்கம் எல்லாம் போகட்டும். இதை மட்டும் என் கையால வளர்த்தேன். வேற ஒருத்தன் தொட்டதில்ல. இது நல்ல காடையா இல்லையான்னு மட்டும் தெரிஞ்சா போதும்."

"பட்டினிக் காடையோட மோத விடுங்க."

"உத்தரவு போடறேன்."

"உத்தரவு போட்டா பட்டினிக் காடை வரும். ஆனா அதோட ஒரு காலை உடைச்சுக் கொண்டு வருவாங்க." அவள் தேநீரை நீட்டினாள். "ஆட்டுச் சந்தைத் தேநீர்க் கடைக்குப் போங்க. அங்க காடையும் பட்டினி, ஆளும் பட்டினி. ஒருத்தனும் உங்களுக்காகத் தோத்துத் தர மாட்டான்."

"சந்தை புதன்கிழமை. புதன்கிழமை சலாம். நான் உக்காரலைன்னா செத்துட்டேன்னு கடையை அடைப்பாங்க. காய்ச்சல்ல படுத்தப்போ என்ன ஆச்சு? பொழுது சாயறதுக்குள்ள என் தம்பி குதிரைப்படையோட ஆத்தங்கரைக்கு வந்து, துக்கம் விசாரிக்க வந்தேன்னு நின்னான்."

"நான் உக்காரறேன்."

கான் சிரித்தார். அவள் சிரிக்கவில்லை.

"முப்பத்தோரு வருஷமா திரைக்குப் பின்னாடி உக்காந்து கேட்டுக்கிட்டிருக்கேன். நீங்க எந்த வழக்குல கொட்டாவி விடுவீங்கன்னுகூடத் தெரியும். உங்க அங்கி, உங்க தலைப்பாகை, உங்க பூட்ஸ். பூட்ஸுக்குள்ள கொஞ்சம் கம்பளி அடைச்சுக்கறேன்."

"எவனாவது கண்டுபிடிச்சா?"

"கண்டுபிடிக்கணும்னா நிமிர்ந்து பார்க்கணும். நிமிர்ந்து பார்த்தா தலை போயிடும். தலைமேல ஆசை இருக்கிற எவனும் கண்டுபிடிக்க மாட்டான்."

புதன்கிழமை காலை, குதிரைக்காரனின் பழைய அங்கியும் கிழிந்த செருப்புமாக, வலது கைக்குள் கொர்கமாஸோடு தவ்லத்யார் கான் லாய வாசல் வழியே வெளியே வந்தார். தெருமுனையில் கூட்டம் வழிவிடுவதற்காக நின்றார். கூட்டம் வழிவிடவில்லை. பின்னாலிருந்து ஒரு செம்மறி முழங்காலுக்கடியில் முட்டியது.

"யோவ் பெரியவரே, நடுத்தெருவுல மைல்கல் மாதிரி நிக்கிறீங்க! ஓரமாப் போங்க."

அவர் ஓரமாகப் போனார். நடக்க நடக்க எதிரில் வருகிறவர்களின் முகங்கள் தெரிந்தன. மூக்குகளில் இத்தனை வகை இருக்கும் என்று அவர் நினைத்ததில்லை.

ஆட்டுச் சந்தைத் தேநீர்க் கடையில் கூரையிலிருந்து காய்ந்த சுரைக்குடுக்கையில் செய்த காடைக் கூண்டுகள் தொங்கின. நடுவில் விரித்த சாக்கைச் சுற்றி ஆட்கள் குந்தியிருந்தார்கள். அன்றைக்கு எதிராளி இல்லாமல் உட்கார்ந்திருந்தவன் தொக்தசின், ஆட்டுத்தலை சூப் விற்பவன். அவனுடைய காடைக்குக் கழுத்தில் பாதி இறகு இல்லை. ஒரு கண் பாதி மூடியிருந்தது. பெயர் மாமனார்.

"ஏன் அந்தப் பேரு?" என்றார் கான்.

"காரணமே இல்லாம கொத்துவாரு" என்றான் தொக்தசின். "உங்க பேரு என்ன மாமா?"

"யார்மத்" என்றார் கான். பழக்கமில்லாத பொய் என்பதால் கொஞ்சம் உரக்கச் சொல்லிவிட்டார்.

"காடையைக் காட்டுங்க யார்மத் மாமா."

கொர்கமாஸ் வெளியே வந்ததும் பேச்சு நின்றது. யாரோ ஒருவன் மெல்ல விசிலடித்தான்.

"இது காடையா, கல்யாணத் தலையணையா?" என்றான் தொக்தசின். "என்ன தீனி போடறீங்க?"

"பிஸ்தா, பாதாம். குளிர் நாள்ல கொஞ்சம் குங்குமப்பூ."

கடையே சிரித்தது. "மாமா, உங்க வீட்டுல இன்னொரு கூண்டு இருக்கா?" என்றான் தொக்தசின். "நான் வந்து உக்காந்துக்கறேன். பாட வேணாலும் பாடறேன்."

கானின் காது சிவந்தது. "பறவையை விடு. அப்புறம் பேசு."

இரண்டையும் சாக்கின் மேல் விட்டார்கள். கொர்கமாஸ் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு அசையாமல் நின்றது. அது கற்றிருந்த சண்டை அவ்வளவுதான். நின்றால் எதிரி தானாகத் திரும்பிப் போய்விடுவான். இத்தனை வியாழக்கிழமைகளில் ஒருவனும் போகாமல் இருந்ததில்லை. மாமனார் போகவில்லை. நடந்துவந்து உச்சந்தலையில் ஒரு கொத்து கொத்தியது.

கொர்கமாஸ் வலியைவிட ஆச்சரியத்தோடு சுற்றிலும் பார்த்தது. யாரையோ கூப்பிடுவது போல ஒரு குரல் கொடுத்தது. அடுத்த கொத்து கண்ணுக்கு மேலே விழுந்தது. அடுத்த கணம் அஞ்சாதவன் சாக்கைத் தாண்டி ஓடி, கானின் கிழிந்த செருப்புக்குப் பின்னால் தலையைப் புதைத்துக்கொண்டது.

தேநீர் ஆறுவதற்குள் முடிந்துவிட்டது.

கான் அதைப் பொறுக்கி எடுத்து அங்கிக்குள் வைத்துக்கொண்டார். அதன் நெஞ்சு படபடவென்று அடித்துக்கொண்டது. தன் நெஞ்சா அதன் நெஞ்சா என்று அவருக்குத் தெரியவில்லை. கேட்க வந்த கேள்விக்குப் பதில் கிடைத்துவிட்டது. சொன்னவன் ஒரு சூப் கடைக்காரனின் அரைக்குருட்டுக் காடை. முப்பத்தோரு வருஷத்தில் அவரிடம் பொய் சொல்லாத முதல் ஆள்.

"தோத்தவர் தேநீர் ஊத்தணும்" என்றான் தொக்தசின். "கடை வழக்கம்."

கான் கெட்டிலைத் தூக்கினார். தேநீர் ஊற்றிப் பழக்கமில்லாததால் ஒவ்வொரு கோப்பையையும் விளிம்புவரை நிறைத்தார்.

"என்ன மாமா, நிறைய ஊத்துறீங்க? குடிச்சிட்டுக் கிளம்புன்னு சொல்றீங்களா? தோத்தது நீங்க, துரத்தறது எங்களையா?"

"பாதி ஊத்தினா கஞ்சத்தனம் இல்லையா?" என்றார் கான் உண்மையான சந்தேகத்தோடு.

"எந்த வீட்டுல வளர்ந்தீங்க நீங்க? பாதி ஊத்தினாத்தான் இன்னும் கொஞ்ச நேரம் இருங்கன்னு அர்த்தம். உங்க வீட்டுக்கு விருந்தாளியே வந்ததில்லையா?"

கான் யோசித்துப் பார்த்தார். வந்ததில்லை.

அப்போது கழுதைக்காரன் எஷ்கொபில் மூச்சிரைக்க உள்ளே ஓடிவந்தான். அவன் மைத்துனனை உப்பு திருடியதாகப் பிடித்து வைத்திருந்தார்கள். அன்றைக்குக் காலையில் சலாமில் வழக்கு.

"விட்டுட்டாங்க!" என்றான். "வலது கை எழும்பிச்சு! நான் கம்பளத்துல நிழலைப் பார்த்தேன், வலது கை!"

"தூக்கத்துல அசைச்சிருப்பாரு."

"எனக்கு முன்னாடி மூணு வழக்கு, மூணுக்கும் வலது கை. கட்டியக்காரருக்கு மன்னிப்புன்னு கூவ வாயே வரல. எத்தனை வருஷம் ஆச்சு கூவி! இருமி இருமிச் சொல்றாரு."

"கானுக்குச் சாவு நெருங்கிடுச்சு" என்றார் மூலையில் இருந்த ஒருவர். "போறப்பத்தான் இவங்களுக்கு இரக்கம் வரும்."

"அப்போ இத்தனை வருஷம் ஏன் தூக்கல?" என்றான் எஷ்கொபில். "எங்க அப்பாவை இதே மாதிரி உப்பு வழக்குலதான் கொண்டு போனாங்க. இடது கைதான் எழும்பிச்சு."

தொக்தசின் கோப்பையை வைத்தான். "வலது கைக்குள்ள என்ன வச்சிருந்தாரோ!"

எல்லோரும் சிரித்தார்கள். எஷ்கொபில் சிரிக்கவில்லை. தவ்லத்யார் கானும் சிரிக்கவில்லை. அவருடைய வலது கைக்குள் தோற்ற காடை நடுங்கிக்கொண்டிருந்தது. இந்தக் கையையும் அந்த உப்பு வழக்கையும் அவர் இதற்கு முன் ஒருநாளும் சேர்த்து நினைத்துப் பார்த்ததில்லை. இப்போது நினைத்தார். தவிர, வாழ்க்கையில் முதல்முறையாக, அவருக்கு மட்டுமே பதில் தெரிந்த ஒரு கேள்வி சபையில் வந்திருந்தது.

"காடை" என்றார். "கையைத் தூக்கினா மிரளும்."

"எப்படி மாமா உங்களுக்குத் தெரியும்?"

"நான்தான் கான்."

சிரிப்பு கூரைக் கூண்டுகளை எட்டியது; காடைகளும் சேர்ந்து கத்தின. "கான் இப்போ கோட்டையில இருக்காரு. நான் பூட்ஸைப் பார்த்துட்டுத்தானே வரேன்!" என்றான் எஷ்கொபில்.

சந்தைக் காவலன் மட்டும் எழுந்து நின்றான்.

"விடுங்கண்ணே" என்றான் தொக்தசின். "தோத்த துக்கத்துல உளறுறாரு. பிஸ்தா வாங்கியே ஆண்டியாகியிருப்பாரு."

"உளறினது இத்தனை பேர் காதுல விழுந்துடுச்சே. நான் கூட்டிட்டுப் போகலைன்னா நாளைக்கு என்னைக் கூட்டிட்டுப் போவாங்க."

சலாம் இன்னும் முடிந்திருக்கவில்லை. தவ்லத்யார் கான் தன் சொந்த மண்டபத்தில், கழுத்தில் காவலனின் கை அழுத்த, மண்டியிட்டார். கீழேயிருந்து முதன்முறையாகத் தன் பூட்ஸைப் பார்த்தார். இவ்வளவு பெரியதா என்றிருந்தது. இடது கால் விரிசல் அவரைப் பார்த்துப் பல்லைக் காட்டியது. அதில் கோபம் தெரிகிறதா, சாந்தம் தெரிகிறதா என்று அவரும் தேடினார். ஒன்றும் தெரியவில்லை.

"தன்னைக் கான் என்று சொல்லிக்கொண்டவன்" என்றார் வஜீர் நிஸாமுத்தீன் கம்பளத்தைப் பார்த்தபடி. "சட்டப்படி கோபுரத்து உச்சியிலிருந்து தள்ள வேண்டும்."

அது நல்ல சட்டம், தெளிவான சட்டம். தவ்லத்யார் ஆட்சிக்கு வந்த முதல் வருஷம் தாமே போட்டது. தம்பியை மனதில் வைத்துப் போட்டது.

"ஏதாவது சொல்லணுமா?" என்று கேட்டார் வஜீர்.

கானுக்குச் சொல்ல ஒன்றுதான் இருந்தது. அதைக் கேட்க விரும்பிய ஒரே ஆள் அந்தப் பூட்ஸுக்குள் இருந்தாள்.

"காடை தோத்துப் போச்சு" என்றார்.

வஜீரின் தோள்கள் விறைத்தன. இந்தக் குரலிலிருந்து அவர் முப்பத்தோரு வருஷமாக உத்தரவு வாங்கியிருக்கிறார். நிமிர்ந்து மேடையைப் பார்த்தால் தெரிந்துவிடும். தெரிந்துவிட்டால் ஏதாவது செய்ய வேண்டிவரும். அன்று காலை வழக்குகள் வழக்கத்தைவிடச் சீக்கிரம் முடிந்திருந்தன. மேடையிலிருந்து ஒரு கொட்டாவிச் சத்தம்கூட வரவில்லை. மேடை காலியாக இல்லை. ஆகவே கான் மேடையில்தான் இருக்கிறார். ஆகவே கீழே இருப்பவர் கான் இல்லை. இதில் ஒரு ஓட்டையும் அவருக்குத் தெரியவில்லை. கம்பளத்தின் பூவேலையை இன்னும் கவனமாகப் பார்க்கத் தொடங்கினார்.

நிழல் அசையவில்லை. குல்சிஃபத் அவசரப்படவில்லை. இந்த இடத்தில் மண்டியிட்டவர்கள் எவ்வளவு நேரம் காத்திருந்தார்கள் என்பதைக் கான் மேடையிலிருந்து கவனித்ததே இல்லை. அப்போது காடையின் காலை நீவிக்கொண்டிருப்பார்.

வலது கை எழுந்தது.

"மன்னிப்பு!" என்றார் கட்டியக்காரர். இந்த முறை இருமவில்லை.

மாலையில் குல்சிஃபத் பூட்ஸைக் கழற்றி, உள்ளே அடைத்த கம்பளியை உருவிக்கொண்டிருந்தாள்.

"ஏன் அவ்வளவு நேரம்?"

"யோசிச்சேன்."

"எதை?"

"இடது கையையும் ஒரு தடவை தூக்கிப் பார்க்கலாமான்னு." அவள் காலை நீவிக்கொண்டாள். "எப்படித் தோத்துச்சு?"

"தலையில ஒரு கொத்து, கண்ணுக்கு மேல ஒண்ணு. அப்புறம் ஓடிடுச்சு. சண்டையே தெரியல அதுக்கு. நான் சொல்லிக் கொடுக்கவே இல்ல." அவர் அவளுக்குத் தேநீர் ஊற்றினார், பாதிக் கோப்பை. "அடுத்த புதன்கிழமை..."

"நான் உக்காரறேன். ஆனா வியாழக்கிழமையும் வேணும். வரி விஷயம் வியாழக்கிழமைதானே பேசறீங்க?"

"வியாழக்கிழமை கோட்டையில காடைச் சண்டை."

"அதை நிறுத்திடுங்க. வஜீர் வீட்டுல தினைக்கஞ்சியாவது குடிக்கட்டும்."

தவ்லத்யார் கான் மேலும் ஒன்பது வருஷம் ஆண்டார். பிற்காலத்தில் அவருக்கு ஞானம் கனிந்தது என்று அரசவை வரலாற்றாசிரியர் எழுதினார். உப்பு வரி பாதியாகக் குறைந்தது. எஷ்கொபிலின் அப்பா திரும்பி வரவில்லை. மதரஸாவின் தலைமை ஆசிரியர் தம் விளக்கத்தைத் திருத்தி, வெளிப்படுவதுதான் உண்மையான கருணை என்று எழுதினார். இளம் அதிகாரிகள் வலது கையைத் தூக்கிக்கொண்டே நடக்கப் பழகினார்கள். வஜீர் நிஸாமுத்தீன் கடைசிவரை பதவியில் இருந்தார். கடைசிவரை நிமிரவில்லை.

ஆட்டுச் சந்தைத் தேநீர்க் கடையில் யார்மத் என்ற பெரியவர் புதன்கிழமைதோறும் காடை இறக்கினார். பெரும்பாலும் தோற்றார், தேநீர் ஊற்றுவதில் மட்டும் நல்ல பேர் எடுத்தார். ஒரே ஒரு முறை வென்றார். தோற்ற காடை தொக்தசினுடையது. அதை எடுத்துக் கழுத்தடியில் தொட்டுப் பார்த்தார். இரைப்பை காலியாக இருந்தது.